கேமராவிடம் பேசிய பிள்ளை

படக் கம்பெனி ஒட்டுக்காரிக்கு இடுப்பு விட்டுப்போயிருந்தது. அனாதைப் பிள்ளைகளுக்காக நடத்திய தர்ம விழாவைப் படம் பிடித்த சுருள்கள் காலையிலிருந்து வந்துகொண்டே இருந்தன. படம் பேசாத காலம் அது. ஆனாலும் மேடையில் இருந்த பெரிய மனிதர்கள் வாயை மூடினால்தானே. அவர்களை வெட்டி, பிள்ளைகள் ஓடுவதை ஒட்டி, நடுநடுவே எழுத்து அட்டையைப் படம் பிடித்த துண்டைச் சேர்ப்பது அவள் வேலை. கேமராவைப் பார்க்கிற முகம் ஒன்றுகூட மிஞ்சக் கூடாது என்பது முதலாளி போட்ட சட்டம்.

சாக்குப் பந்தயச் சுருளில் அவள் மகள் வந்தாள்.

பெற்றவள் உயிரோடிருந்தால் அனாதை இல்லத்தில் பிள்ளையைச் சேர்க்க மாட்டார்கள். புருஷன் செத்தபின் வேறு போக்கில்லாமல், தன்னை அத்தை என்று சொல்லித்தான் சேர்த்திருந்தாள். விஷயம் வெளியே தெரிந்தால் பிள்ளை அன்றைக்கே தெருவில் நிற்கும். போன முறை பார்க்கப் போனவள் வாயை வைத்துக்கொண்டு சும்மா இருக்காமல், "விழாவுக்கு வர்ற படப் பெட்டி புடிக்கிறதெல்லாம் கடைசில என் கைக்குத்தான்டி வரும்" என்று சொல்லித் தொலைத்தாள். பிள்ளை அதை அப்படியே நம்பிவிட்டது. பந்தயத்தைப் பாதியில் விட்டு, சாக்கோடு தத்தித் தத்திக் கேமராவுக்கு எதிரே வந்து பேசியது.

அந்த வாயசைவு தாய்க்குப் புரியாதா? "அம்மா, சாப்பிட்டியா?"

அவசரமாகக் கத்தரியை எடுத்தாள். முதலாளி பின்னால் வந்து நின்றதை அவள் கவனிக்கவில்லை.

"என்னம்மா அது? இன்னொரு தடவ ஓட்டு."

"கேமராவப் பாக்குதுங்க ஐயா. வெட்டிடறேன்."

"இரு, இரு. அம்மான்னுல்ல சொல்லுது? பெத்தவ இல்லாத புள்ள... இதப் பாத்தா எந்தக் கஞ்சனும் பையில கைய விடுவான்."

"பாக்குற மொகம் வேணாம்னு நீங்கதானே சொன்னீங்க."

"சொன்னவன்தானே இப்ப வைக்கச் சொல்றேன். கடைசில வை. முன்னால ஒரு அட்ட சேரு."

ரகசியம் தப்பியது. போன உயிர் திரும்பியது. அதற்காக நிம்மதிப்பட்ட தன்மேலேயே அவளுக்கு வெறுப்பாக இருந்தது. ஆனால் சண்டை போட உடம்பிலும் தெம்பில்லை, மனசிலும் தெம்பில்லை.

அட்டை வந்தது: 'இவளுக்கு யாருமில்லை.' ஓரத்தைச் சுரண்டிப் பசை தடவி, மகளின் முகத்துக்கு முன்னால் வைத்து அழுத்தினாள்.

"ஒட்டிச்சா?"

"ஒட்டிடுச்சுங்க."

சரிபார்க்க ஒருமுறை ஓட்டச் சொன்னார். அட்டை போனது, பிள்ளை வந்து சாப்பிட்டியா என்று கேட்டது. முதலாளி கைக்குட்டையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார். ஒட்டுக்காரி உதடு அசையாமல், "இன்னும் இல்லடி" என்றாள்.