ஹோல்கரின் கணுக்கால்

ஹோல்கர் படி இறங்கும்போது நண்டு மாதிரி பக்கவாட்டில்தான் இறங்குவார். இடது கணுக்கால் மடங்காது. எலும்பையும் எலும்பையும் சேர்த்துத் திருகாணி போட்டு இறுக்கியிருக்கிறார்கள். ஜெர்மனியில் தொழில்முறைக் கால்பந்து ஆடியவர். இப்போது செயற்கைப் புல் விற்கும் கம்பெனி ஒன்றுக்காக ஊர் ஊராகப் போய், புல்லை ஒழுங்காக விரிக்கிறார்களா என்று பார்க்கிறார். பாரிவாக்கத்தில் டர்ஃப் மைதானம் போடும் வேலைக்கு வந்திருந்தார். நான் அம்பத்தூரில் ஜெர்மன்காரர்களின் புகார்களுக்குப் போனில் பதில் சொல்லும் நைட் ஷிப்ட் வேலையைப் பாதியில் விட்டவன். அவர் பேசுவதைத் தமிழில் சொல்வதற்கு என்னைப் பிடித்துப் போட்டார்கள்.

புல் விரிக்கும் ஆட்களில் ஒருவன் இருதயராஜ். கொரட்டூர்க்காரன். எங்கள் பக்கத்தில் அவனளவுக்கு ஓடுகிற ஃபார்வர்டு கிடையாது. அரசுத் துறை ஒன்றில் விளையாட்டு ஒதுக்கீட்டில் வேலைக்கு எடுக்க ஆவடியில் தேர்வு ஆட்டம் வைத்திருந்தார்கள். இந்த முறை விட்டால் அவனுக்கு வயது தாண்டிவிடும். அப்புறம் சாகிற வரைக்கும் அடுத்தவன் ஆடப் புல் விரிக்க வேண்டியதுதான்.

இந்த நேரத்தில் பயிற்சி ஆட்டத்தில் கணுக்காலில் அடிபட்டுக்கொண்டான். எக்ஸ்ரே எடுத்தால் விஷயம் வெளியே போகும் என்று ஆஸ்பத்திரிப் பக்கமே போகவில்லை. பூந்தமல்லியில் புத்தூர் கட்டுப் போடுகிறவரிடம் போனான். முட்டை வெள்ளைக்கரு, பச்சிலை, மூங்கில் பத்தை வைத்துக் கட்டி, எலும்பு கீறியிருக்கிறது, நானாக அவிழ்க்கும்வரை கை வைக்காதே என்று சொல்லி அனுப்பியிருந்தார். இருதயராஜ் காலை நீட்டி உட்கார்ந்தபடியே புல்லின் இணைப்புகளை ஒட்டிக்கொண்டிருந்தான்.

ஹோல்கர் அந்தக் கட்டைப் பார்த்தார். உச்சி வெயில். புல்லுக்கு நடுவே தூவிய கறுப்பு ரப்பர் பொடி சூடேறி, டயர் எரிகிற வாடை அடித்தது. சுருட்டி வைத்த புல்லின் மேல் உட்கார்ந்து தன் கதையைச் சொன்னார். நான் வரிக்கு வரி தமிழில் சொன்னேன்.

சுரங்கத் தொழிலாளிகள் நிறைந்த சிறு ஊர் அவருடையது. பள்ளிப் படிப்பு முடியும் முன்பே இரண்டாம் பிரிவு அணியில் எடுத்துக்கொண்டார்கள். பிறகு சில வருடம் முதல் பிரிவு. கோல் போடுகிறவனை நிறுத்துவது அவர் வேலை, அதை அசிங்கமாகவே செய்தார். ஒரு சீசனில் கணுக்கால் கீறியது. அணியின் டாக்டர் வலி தெரியாமலிருக்க ஊசி போட்டார். ஆடினார், ஜெயித்தார்கள். அடுத்த வாரமும் ஊசி. ஊசி இல்லாமல் எப்போது கடைசியாக ஆடினார் என்பது பிறகு அவருக்கே ஞாபகம் இல்லை. ஒரு கோப்பையின் அரையிறுதியில் முழு நேரமும் ஆடினாராம். ஷூவைக் கழற்றிப் பார்த்தால் கணுக்காலுக்குள் எலும்பு பொடியாகிக் கிடந்திருக்கிறது. அதோடு ஆட்டம் போனது, கொஞ்ச நாளில் மனைவியும் போனாள். அவர் பெயர் சொல்லிக் கத்திய ஊரில் இப்போது கடைக்காரன்கூட அவரை நிமிர்ந்து பார்ப்பதில்லை.

எதையும் இழுத்துச் சொல்லவில்லை, பரிதாபமும் கேட்கவில்லை. முடிவில் இருதயராஜின் கட்டைத் தொட்டு, இதை அவிழ்க்காதே என்றார்.

இருதயராஜ் ரொம்பக் கவனமாகக் கேட்டான். அப்புறம் என் பக்கம் திரும்பினான்.

"கீறுன எலும்போட ஃபுல் மேட்ச் ஆடிக்கீறாரா மச்சான்?"

"ஆடுனாரு. அத்தோட கால் பூட்ச்சு. அத்தத்தான இம்மாநேரம் சொன்னாரு."

"அத்த உடு. அந்த ஊசி பேரு இன்னான்னு கேளு."

நான் கேட்கவில்லை. அவனே ஊசி குத்துவதுபோல் விரலால் காட்டி, பெயர் என்ன என்று இங்கிலீஷில் கேட்டான். எவ்வளவு மோசமான மருந்து என்று தெரிந்துகொள்ளத்தான் கேட்கிறான் என்று நினைத்து ஹோல்கர் சொல்லிவிட்டார். மருந்துப் பெயருக்கு மொழிபெயர்ப்பு தேவைப்படவில்லை. இருதயராஜ் ஒட்டும் வேலையைத் தொடர்ந்தான். அவன் உதடு மட்டும் அந்தப் பெயரைத் திரும்பத் திரும்பச் சொல்லிப் பார்த்தது.

தேர்வு நாளன்று ஹோல்கர் என்னைக் கூட்டிக்கொண்டு ஆவடிக்குப் போனார். மைதானத்து ஓரத்தில், வெட்டி எறிந்த துணியும் மூங்கில் பத்தையும் கிடந்தன. பக்கத்தில் இருதயராஜ் ஆடும் அணியின் தலைவன் யூசுப் நின்றான். நர்சிங் ஹோம் ஒன்றில் ஊசி போடும் கம்பவுண்டர். அவன் எங்களைப் பார்க்கவே இல்லை.

இருதயராஜ் பேய் மாதிரி ஆடினான். முதல் பாதியிலேயே இரண்டு கோல். தேர்வாளர்கள் குடைக்கடியில் நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டார்கள். இடைவேளையில் ஹோல்கர் அவன் முன்னால் சிரமப்பட்டுக் குனிந்து, கணுக்காலைக் கட்டைவிரலால் அழுத்தினார். விரல் உள்ளே போனது.

"வலிக்குதான்னு கேக்குறாரு," என்றேன்.

"ஒண்ணியும் தெர்ல, தொர. சூப்பரா கீது." சிரித்தான். வியர்வையில் முகம் பளபளத்தது.

போதும், அவனை வெளியே வரச் சொல் என்றார் ஹோல்கர். சொன்னேன்.

"அவரு ஆடி முட்ச்சிட்டாரு. நான் இன்னும் ஆரம்பிக்கவே இல்ல. உட்டுட சொல்லு."

இரண்டாம் பாதி தொடங்கிக் கொஞ்ச நேரத்தில் வலது ஓரத்திலிருந்து பந்து வந்தது. இருதயராஜ் எகிறித் தலையால் முட்டிவிட்டு இறங்கி விழுந்தான். காய்ந்த மட்டையை ஒடித்ததுபோல் ஒரு சத்தம். கோல்கீப்பர் பந்தை விட்டுவிட்டு வாயைப் பொத்திக்கொண்டான். இருதயராஜ் எழுந்து பந்தின் பின்னால் ஓடினான். பாதம் ஒரு பக்கம் பார்த்தது, அவன் இன்னொரு பக்கம் போனான். ஒவ்வொரு எட்டுக்கும் பாதம் இன்னும் திரும்பியது.

நடுவர் விசிலை விடாமல் ஊதினார். ஹோல்கர் அந்த மடங்காத காலை இழுத்துக்கொண்டு மைதானத்துக்குள் போய்க்கொண்டிருந்தார். ஆட்டக்காரர்கள் ஒவ்வொருவராக நின்றார்கள். தேர்வாளர்கள் எழுந்துவிட்டார்கள்.

இருதயராஜ் மட்டும் பந்தை நிறுத்தி, இடுப்பில் கை வைத்துக்கொண்டு, கோபமாக நடுவரைப் பார்த்தான்.

"இன்னாத்துக்கு சார் விசிலு? நான் ஆஃப்சைடே இல்லியே."