சத்தம் அணைத்த கைகள்

தங்கை ஒரு வீடியோக் கலைஞர். அதாவது, ஊரார் எடுத்த வீடியோவை இணையத்திலிருந்து இறக்கி, வெட்டி, ஒட்டி, அடியில் தன் பெயரைக் கொட்டை எழுத்தில் போடுபவள். இதைத் திருட்டு என்று யாராவது சொன்னால், அவர்களுக்குக் கலை தெரியாது என்று அர்த்தம்.

அவள் பொறுக்குவதெல்லாம் யாரும் பார்க்காமல் நாதியற்றுக் கிடக்கும் வீடியோக்கள். இறக்கியதும் முதல் வேலையாகச் சத்தத்தை அணைத்துவிடுவாள். குரல் காதில் விழுந்தால் பாவம் பார்க்கத் தோன்றும். பாவம் பார்த்தால் வெட்டக் கை வராது. இந்த முறை அவளுக்கு அகப்பட்டவை, முகம் காட்டாமல் துணி மடித்துக் காட்டும் இரண்டு கைகள். ஓரத்தில் ரப்பர் வைத்த மெத்தை விரிப்போடு அவை மல்லுக்கட்டும் அழகே அழகு! தினமும் புதிதாக ஒன்று வரும். இவளும் தவறாமல் போய் இறக்கிக்கொள்வாள்.

அதே நாட்களில் அக்காவுக்குப் போனில் ஒரே பூரிப்பு. வீட்டுக்காரர் தவறிப்போனபிறகு சுவரைப் பார்த்தபடி கிடந்தவள் அவள்.

"நானும் ஏதோ வீடியோ போடுறேன்டி. தினமும் ஒரே ஒரு ஆள் வந்து பாக்குறாங்க. அவங்களுக்காகவே எந்திரிச்சுத் தலை வாரிக்கிறேன்."

"என்ன வீடியோக்கா?"

"சொன்னா நீ சிரிப்ப. விடு."

தங்கை விட்டுவிட்டாள். வெட்டுகிற வேலை தலைக்குமேல் இருந்தது.

கண்காட்சி தொடங்கிய அன்று வெள்ளைச் சுவர் முழுக்க அந்தக் கைகள், பின்னால் ஒரு கட்டிலின் ஓரம். விரிப்பைச் சுருட்டி எறியும் இடத்தை மட்டும் திரும்பத் திரும்ப ஓடவிட்டிருந்தாள். "இணையத்தின் தனிமை," என்றார் கண்காட்சி அமைப்பாளர். எல்லோரும் துக்கமாகத் தலையாட்டிவிட்டு, விழுந்து விழுந்து சிரித்தார்கள்.

அழைப்பின் பேரில் வந்திருந்த அக்கா, தன் கைகளைக் கைப்பைக்குப் பின்னால் ஒளித்துக்கொண்டாள்.

"அது என் கட்டில்டி."

தங்கை அவளை ஓரமாக இழுத்தாள். "இது... ஒரு மரியாதைக்கா."

"மரியாதைக்கா இப்படி வயித்தப் பிடிச்சுக்கிட்டுச் சிரிக்கிறாங்க?" அக்கா சுவரையே பார்த்தாள். "அப்ப தினமும் வந்த ஆளு?"

"நான்தான்."

"வேற யாருமே இல்லையா?"

தங்கை தலைகுனிந்தாள்.

"சரி, நான் பேசினதையாவது கேட்டியா?"

பொய் சொல்லியிருக்கலாம். இத்தனை பேர் நடுவில் அது ஒன்றும் புதிதாகத் தெரிந்திருக்காது. "இல்லக்கா," என்றாள்.

அக்கா தன் போனை எடுத்து வீடியோவை ஓடவிட்டு, தங்கையின் காதருகே பிடித்தாள்.

"வந்துட்டீங்களா? நேத்து லேட்டா வந்தீங்களே, உடம்புக்கு முடியலையா? இன்னிக்கு இந்த விரிப்ப ஒரு வழி பண்ணிடலாம். நீங்க கூட இருக்கீங்கங்கிற தைரியம்தான்."

அமைப்பாளர் எட்டிப் பார்த்தார். "அடடா, குரல் பிரமாதம்! இதையும் சேத்துடலாமே."

தங்கை நேராகப் போய் புரொஜெக்டரின் ஒயரைப் பிடுங்கினாள். சுவர் இருண்டது. அதுவும் கலையில் ஒரு பகுதி என்று நினைத்துக்கொண்டு கூட்டம் எழுந்து நின்று கைதட்டியது.

"தட்டுறாங்கடி," என்றாள் அக்கா. "ஒரு கும்பிடு போடு."