பின்னால் எடுக்காத ஃபார்க்கர்

டோலினா மெக்ரே ஓட்டும் சுற்றுலா வேனில் ஏறுகிறவர்கள் மலை பார்க்க வருகிறவர்கள். மலைக்கு அந்த அக்கறை கிடையாது. செப்டம்பர் முதல் செவ்வாய்க்கிழமை காலை ஸ்காட்லாந்தின் இன்வர்னஸில் பதினாறு பேரை ஏற்றிக்கொண்டு கிளம்பியதிலிருந்தே, யாரோ கம்பளியைப் பிழியாமல் காயப்போட்டதுபோல ஜன்னலுக்கு வெளியே மேகம் தொங்கிக்கொண்டிருந்தது.

“ஏம்மா, அந்த மலைக்குப் பேரென்ன?” என்று கேட்டார் முன்சீட்டு எஃபி அம்மாள். பெய்ஸ்லிக்காரர், எழுபது வயது, மடியில் பின்னல் ஊசி, பக்கத்தில் தூங்கும் கணவர்.

“அது மேகம்ங்க.”

“அதுக்குப் பின்னால?”

“பின்னாலயும் மேகம்தான். அதுக்கும் பின்னால மலை இருக்கு. என்னை நம்புங்க.”

டோலினாவுக்கு மலையைப் பற்றிக் கவலை இல்லை. அவள் கவலையெல்லாம் படகு. கோரின் ஏரியில் டூகலின் சவாரிப் படகு இரண்டேகாலுக்குக் கிளம்பும். இந்தக் கோடையில் இரண்டு முறை அதைத் தவறவிட்டாயிற்று. மூன்றாவது முறை தவறினால் இந்த வழித்தடத்தை முதலாளி ஸ்ட்ருவன் தன் மச்சானிடம் கொடுத்துவிடுவார். டோலினா விமான நிலையத்துக்கும் ஹோட்டலுக்கும் இடையே பெட்டி ஏற்றி இறக்க வேண்டியதுதான். ஸ்ட்ருவன் இதைக் கத்திச் சொல்லவில்லை. பிஸ்கட் தட்டை நீட்டிக்கொண்டே, “இன்னொண்ணு எடுத்துக்கோ டோலினா” என்று சிரித்தபடி சொன்னார். அவர் இரண்டாவது பிஸ்கட்டை நீட்டிய யாரும் அடுத்த மாதம் அதே வேலையில் இருந்ததில்லை என்பது ஆபீஸ் முழுக்கத் தெரியும்.

முதல் முறை தவறியதற்குக் காரணம், வழியில் சாப்பிட நிறுத்தும் சூப் கடைக் கழிப்பறையில் விட்டுவிட்டு வந்த ஒரு பயணி, பல் டாக்டர். இரண்டாவது முறை, ஜூன் மாதத்தில், காரணம் ஃபார்க்கர்.

ஃபார்க்கரைப் பற்றிக் கோரின் பக்கம் யாரைக் கேட்டாலும் ஒரே வார்த்தைதான் சொல்வார்கள்: பிடிவாதக்காரன். அந்தச் சாலை ஒரு வண்டி அகலம்தான். அங்கங்கே வெள்ளைப் பலகை நட்டு, ஒதுங்க இடம் விட்டிருப்பார்கள். எதிரெதிரே இரண்டு வண்டி வந்தால், ஒதுங்குமிடம் யாருக்குப் பக்கமோ அவர் பின்னால் போக வேண்டும். அங்கே பிள்ளைகள் எழுத்துக்கூட்டிப் படிக்கும் முன்பே கற்றுக்கொள்ளும் விஷயம் இது. ஃபார்க்கர் மட்டும் வண்டியைப் பின்னால் எடுக்க மாட்டான். என்ஜினை அணைப்பான், கையைக் கட்டிக்கொள்வான், அவ்வளவுதான். பாதிரியாரே ஒரு தடவை அவனுக்காகக் கால் மைல் பின்னால் போயிருக்கிறார். ஜூனில் டோலினா மூடுபனியில், இரண்டு வளைவு தாண்டி, அரை மைல் பின்னால் போனாள். போனதுகூடப் பெரிதில்லை. “பாவம், அவளுக்கு ரிவர்ஸே வரல. அரை மணி நேரம் தடவிக்கிட்டிருந்தா” என்று அவன் மதுக்கடையில் சொல்லி, அது தபால்காரர் வாய்வழியாக மூன்று ஊர் சுற்றி அவள் காதுக்கே வந்து சேர்ந்தது. பதினொரு வருடம் அதே சாலையில் பள்ளிக்கூட பஸ் ஓட்டியவள் அவள்.

இன்றைக்கு யாரையும் விட்டுவிட்டு வருவதில்லை என்று சூப் கடையில் இரண்டு தடவை தலை எண்ணினாள். எஃபியின் கணவர் கண் விழித்து, புகைமீன் சூப் இன்னொரு கிண்ணம் கேட்டார். பத்து நிமிடம். அப்புறம் டண்டீயிலிருந்து வந்த ஒரு ஆள், சிவப்புத் தொப்பி போட்டவர், முடி தொங்கும் மாட்டைப் படம் எடுத்தே ஆகவேண்டும் என்றார். நிறுத்தினாள். மாடு பின்பக்கத்தைத் திருப்பிக்கொண்டது.

“கொஞ்சம் கூப்பிட்டுப் பாருங்க மேடம், உங்க ஊர் மாடுதான.”

“எங்க ஊர்தாங்க. எனக்கு அறிமுகம் இல்ல.”

இன்னொரு ஏழு நிமிடம். கோரின் சாலைக்குள் நுழைந்தபோது ஒன்றே முக்கால். விரட்டி ஓட்டினால் ஐந்து நிமிடம் முன்னதாகவே படகுத்துறையில் இருக்கலாம். டோலினா மைக்கை அணைத்துவிட்டு ஓட்டினாள்.

சின்னக் குளத்தை ஒட்டிய மூன்றாவது வளைவில் எதிரே ஒரு பச்சை ஜீப். ஜீப்புக்குப் பின்னால் எப்போதும்போல ஆட்டு டிரெய்லர். ஜீப்புக்குள் ஃபார்க்கர்.

அவனுக்குப் பின்னால் பன்னிரண்டு கஜத்தில் வெள்ளைப் பலகை நின்றது. அவளுக்குப் பின்னால் அரை மைல்.

ஃபார்க்கர் என்ஜினை அணைத்தான். கையைக் கட்டினான்.

அந்தப் பக்கத்தில் ஹாரன் அடிப்பது செருப்பால் அடிப்பதற்குச் சமம். டோலினா இறங்கி மழையில் நடந்துபோய் அவன் ஜன்னலருகே நின்றாள். கொலையே செய்ய வந்திருந்தாலும் அங்கே முதலில் வானிலை பேசியாக வேண்டும்.

“நாள் மோசமில்ல, ஃபார்க்கர்.”

“மோசமில்ல, டோலினா.”

“நேத்தைக்கு இன்னிக்கு தேவலாம்.”

“ஆமா. தேவலாம்.”

“உனக்குப் பின்னாலயே ஒதுங்கற இடம் இருக்கு.”

“பாத்தேன்.”

“எனக்கு அரை மைல்.”

“அதுவும் தெரியும்.”

“அப்ப எடுடா.”

“நீ எடு. பழகிக்கிட்டா உனக்குத்தான நல்லது.”

டோலினாவுக்குக் கழுத்து வரை சூடு ஏறியது. அதற்குள் எஃபி அம்மாள் குடையோடு வந்து சேர்ந்தார்.

“யாரும்மா இது, உன் வீட்டுக்காரரா?”

“கடவுளே, இல்லீங்க.”

“நீங்க பேசிக்கிறதப் பாத்தா முப்பது வருஷம் குடித்தனம் பண்ண மாதிரி இருக்கு.”

“பள்ளிக்கூடத்துல எனக்கு ரெண்டு கிளாஸ் மேல. அதோட சரி.”

எஃபி இறங்கியதும் மற்றவர்களும் இறங்கிவிட்டார்கள். காலையிலிருந்து பார்க்க எதுவும் கிடைக்காத கூட்டம். டிரெய்லரில் சந்தையிலிருந்து புதிதாக வாங்கிவந்த செம்மறிக் கடா ஒன்று நின்றது. பதினைந்து பேரும் அதைப் படம் எடுத்தார்கள். எஃபியின் கணவர் மட்டும் வேனில் தூங்கினார். கடா யாருக்கும் முதுகைக் காட்டவில்லை என்பதில் சிவப்புத் தொப்பிக்காரருக்கு ரொம்பத் திருப்தி. அந்த நன்றியில் அவர் ஃபார்க்கருக்கு உதவ முன்வந்தார்.

“அண்ணே, பலகை உங்களுக்குத் தெரியல போல. நான் பின்னால நின்னு கை காட்டறேன். நீங்க தைரியமா வாங்க.”

“யாரும் கை காட்ட வேணாம்.”

“பரவால்லண்ணே, நான் லாரி ஓட்டினவன். வாங்க வாங்க.”

அவர் போய் நின்று இரண்டு கையையும் வீசத் தொடங்கிவிட்டார். இன்னும் இரண்டு பேர் போய் அந்தப் பக்கம் நின்றார்கள். எஃபி, “நல்ல மனுஷங்க, பாருங்க” என்றார். ஊர்க்காரர்களிடம் பிடிவாதம் பிடித்துவிடலாம். உதவி செய்தே தீருவேன் என்று நிற்கிற வெளியூர்க்காரர்களிடம் என்ன செய்வது? ஃபார்க்கர் சுற்றிப் பார்த்தான். வேறு வழியில்லாமல் என்ஜினைப் போட்டான்.

டிரெய்லர் நேரே பின்னால் போகவில்லை. சடாரென்று இடப்பக்கம் திரும்பி, ஒரு சக்கரம் சேற்றில் இறங்கியது. கடா சரிந்து எழுந்தது. முன்னால் இழுத்தான். மறுபடி எடுத்தான். மறுபடியும் அதே சேறு. மூன்றாம் தடவை டிரெய்லர் மடங்கி ஜீப்பின் முதுகோடு உரசப் பார்த்தது. சிவப்புத் தொப்பிக்காரர் கையை வீசுவதை நிறுத்திவிட்டார்.

வேண்டுமென்றே செய்கிறான் என்றுதான் டோலினா முதலில் நினைத்தாள். நான்காம் தடவை அவன் கைகளைப் பார்த்தாள். டிரெய்லர் எந்தப் பக்கம் போக வேண்டுமோ அந்தப் பக்கமே ஸ்டீயரிங்கையும் திருப்பிக்கொண்டிருந்தான். எதிர்ப்பக்கம் திருப்பினால்தான் டிரெய்லர் சொன்ன பக்கம் போகும்; முதல் நாள் பழகுகிறவன் செய்கிற தப்பு அது. காது இரண்டும் சிவந்திருந்தன.

அப்போதுதான் அவளுக்கு ஒவ்வொன்றாக உறைத்தது. அவன் வீட்டு முற்றத்துக்கு மட்டும் ஏன் இரண்டு கேட்? ஒன்றில் நுழைந்து மற்றதில் வெளியேற. சந்தையில் ஏன் எப்போதும் கடைசியில், ரோட்டைப் பார்த்தே வண்டியை நிறுத்துகிறான்? நேரே கிளம்பிப் போக. ஊரே பிடிவாதம் என்று பேர் வைத்துவிட்டது. அவனும் அதைக் கோட்டு மாதிரி போட்டுக்கொண்டு இத்தனை வருடம் திரிந்திருக்கிறான்.

ஜன்னலில் குனிந்தாள்.

“உனக்கு வராது.”

“என்ன வராது?”

“ரிவர்ஸ். டிரெய்லர் மாட்டினா உனக்கு வராது.”

“மெதுவாப் பேசு.”

“பாதிரியாரப் பின்னால போக வெச்ச. என்னை மூடுபனில அரை மைல் போக வெச்ச. அதுக்கப்பறம் எனக்கு வரலன்னு ஊரெல்லாம் சொன்ன.”

“ஏதாவது சொல்ல வேண்டியிருந்துச்சு.” அவன் கடாவைப் பார்த்தபடி சொன்னான். “நீ எவ்ளோ சுத்தமா எடுத்தன்னு அன்னிக்கு நானும்தான் பாத்தேன்.”

இதைக் கேட்டால் கோபம் குறையும் என்று அவன் நினைத்திருக்கலாம். இரண்டு மடங்கானது. டோலினா மணி பார்த்தாள். இரண்டு மணி மூன்று நிமிடம். படகுத்துறைக்கு இன்னும் இருபது நிமிடச் சாலை. இந்த நிமிடமே வழி கிடைத்தாலும் படகு போயிருக்கும். ஸ்ட்ருவனின் பிஸ்கட் தட்டு கண் முன்னால் வந்தது.

டூகல் யாருக்காகவும் படகை நிறுத்துகிறவன் இல்லை. ஃபார்க்கரின் அக்கா புருஷன் என்றாலும், மாமியாருக்கே நிறுத்தியதில்லை. ஜூனில் இவள் போன் செய்து கெஞ்சியபோது, “நேரம்னா நேரம்” என்று வைத்துவிட்டான். மூடுபனி, மழை, மரம் விழுந்தது, எதற்கும் நிற்க மாட்டான். அவன் நிற்பது ஒன்றுக்குத்தான். ஊரில் வேறு யாருக்கும் தெரியாத ஒரு சேதி தனக்கு முதலில் வருகிறது என்றால் நிற்பான்.

“இறங்கு” என்றாள்.

“எதுக்கு?”

“உன் டிரெய்லர நான் எடுத்து விடறேன். நீ சிக்னல் கெடைக்கிற அந்த மேட்டுல ஏறி டூகலுக்குப் போன் போடு. நான் வர்ற வரைக்கும் படகு நிக்கணும்.”

“ஏன்னு கேப்பான்.”

“சொல்லு.”

“ஆடு குறுக்க வந்துச்சுன்னு சொல்றேன்.”

“இந்த ஊர்ல என்னிக்கு ஆடு குறுக்க வரல? அதுக்கா நிப்பான்? நடந்தத சொல்லு.”

“டோலினா, செத்தாலும் மாட்டேன்.”

“சரி. அப்ப இங்கயே நில்லு. அந்தச் சிவப்புத் தொப்பி கை காட்டுவாரு. சாயங்காலம் வரைக்கும் எடு.”

சிவப்புத் தொப்பிக்காரர் அந்த நேரம் பார்த்து, “அண்ணே, இன்னொரு தடவ பாப்பமா? நாங்க இருக்கோம்” என்று கூவினார்.

ஃபார்க்கர் இறங்கினான்.

டோலினா ஏறி உட்கார்ந்தாள். ஒரு கை ஸ்டீயரிங்கின் அடியில், கண் பக்கக் கண்ணாடியில். ஒரே எடுப்பில், மேசை இழுப்பறையைத் தள்ளி மூடுவதுபோல, டிரெய்லரும் ஜீப்பும் வெள்ளைப் பலகைக்குக் கீழே போய் நின்றன. கடாவுக்கு நகர்ந்ததே தெரியவில்லை. கூட்டம் கைதட்டியது. “தட்டாதீங்க, ஏறுங்க” என்று அதட்டிவிட்டு, சாவியை உருவிச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டாள்.

“சாவி?” என்றான் ஃபார்க்கர்.

“போன்.”

அவன் ஈரப் புதரில் கால் வைத்து மேட்டில் ஏறினான். ஏறச் சொல்லியும் அந்தப் பதினைந்து பேரில் ஒருவர்கூட வேனில் ஏறவில்லை. எஃபி அம்மாள் நன்றாகக் கேட்கட்டும் என்று குடையைச் சாய்த்துக்கொண்டார்.

“டூகல்? நான்தான்… மோசமில்ல, நேத்தைக்கு தேவலாம்… டோலினா வேன் வந்துட்டிருக்கு, கொஞ்சம் நிறுத்தி வை… தெரியும், நேரம்னா நேரம்… ஏன்னா…”

ஃபார்க்கர் கூட்டத்துக்கு முதுகைத் திருப்பிக்கொண்டான். 

“ஏன்னா எனக்கு டிரெய்லர் பின்னால எடுக்க வராது… இல்ல, இன்னிக்கு மட்டும் இல்ல. எப்பவுமே… ஆமா, பாதிரியார் அன்னிக்கும்… டோலினாதான் எடுத்தா… ஒரே தடவைல… சிரிக்காத, அக்காட்ட குடுக்காத, டூகல்…”

அக்காவிடம் கொடுத்துவிட்டான் போலிருக்கிறது. ஃபார்க்கர் போனைக் காதிலிருந்து ஒரு முழம் தள்ளிப் பிடித்துக்கொண்டே இறங்கிவந்தான்.

“நிக்கறானாம்.”

“எவ்ளோ நேரம்?”

“நீ வர்ற வரைக்கும்னான்.”

டோலினா சாவியைக் கொடுத்தாள். கொடுத்த கையோடு வேனில் ஏறினாள். பேசினால் இன்னும் பத்து நிமிடம் ஆகும்.

இரண்டு முப்பத்தைந்துக்குத் துறைக்குப் போனபோது படகு கயிற்றில்தான் கிடந்தது. ஒரு கல்யாணத்துக்கு நிற்பதுபோல டூகல், அவன் மனைவி, டிக்கெட் கொடுக்கும் பெண், அந்த நேரத்தில் அங்கே எந்த வேலையும் இல்லாத தபால்காரர் எல்லோரும் வரிசையாக நின்றார்கள்.

“வா டோலினா, வா. மொதல்லேருந்து சொல்லு” என்றான் டூகல்.

“ஆளுங்கள ஏத்து.”

“ஏத்தலாம், என்ன அவசரம். எத்தன தடவ எடுத்துப் பாத்தான்?”

“நேரம்னா நேரம்னு எங்கிட்ட சொன்னது யாரு? ஏத்துடா.”

அவன் முகம் தொங்கிவிட்டது. ஆனால் முதலில் ஏறிய எஃபி அம்மாள் அவன் கையைப் பிடித்துக்கொண்டு, “மூணு தடவ தம்பி, நான் பக்கத்துலயே நின்னேன்” என்றார். சிவப்புத் தொப்பிக்காரர், “நாலு. கை காட்டினது நான்” என்றார். படகு துறையை விட்டு நகரும்போதே இருவருக்கும் சண்டை. எல்லாவற்றையும் தூங்கித் தவறவிட்ட எஃபியின் கணவர், என்ன நடந்தது, என்ன நடந்தது என்று ஒவ்வொருவராகக் கேட்டுக்கொண்டிருந்தார்.

டோலினா டிக்கெட் அறைக்குள் போய் ஈரக் கோட்டைக் கழற்றுவதற்குள் அங்கிருந்த போன் அடித்தது. ஸ்ட்ருவன்.

“படகு கெடச்சுதா?”

“கெடச்சுது. எல்லாரும் ஏறியாச்சு.”

“நல்லது. வெள்ளிக்கிழமையும் நீயே போ.” ஸ்ட்ருவன் தொண்டையைச் செருமிக்கொண்டார். “அப்பறம் டோலினா, நம்ம ஃபார்க்கருக்கு ரிவர்ஸே வராதாமே?”

படகு இன்னும் ஏரியின் நடுவைத் தொடவில்லை. சேதி எழுபது மைல் தாண்டி இன்வர்னஸ் போய்விட்டது. டோலினாவுக்கு எரிச்சல் மண்டைக்கு ஏறியது. யாருக்கும் வேறு வேலையே இல்லையா? கதவில் ஃபார்க்கரின் அக்காவும் தபால்காரரும் டிக்கெட் பெண்ணும் ஒருவர் தோளில் ஒருவர் மோவாயை வைத்து நின்றார்கள். தனக்கு எதுவும் தெரியாது என்றும், தான் வண்டி ஓட்டிக்கொண்டிருந்ததாகவும் சொல்லி வைத்துவிடத்தான் வாயைத் திறந்தாள்.

மூடுபனியில், இரண்டு வளைவு, அரை மைல். ‘பாவம், அவளுக்கு ரிவர்ஸே வரல.’

காலால் முக்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள்.

“நாலு தடவ” என்றாள் போனில், கதவில் நிற்பவர்களுக்கும் கேட்கிற மாதிரி. “மொத தடவ எடுத்தப்ப சக்கரம் நேரா சேத்துல எறங்கிடுச்சு. நான் என்ன நெனச்சேன்னா…”