அவரவர் நிழல், அவரவர் அடி

நாடகத்தின் கடைசிக் காட்சியில் மின்னாழி என்ன செய்வாள்? அது மட்டும் பாவாத்தாளுக்குப் பிடிபடவே இல்லை.

மின்னாழி தூமலை நாட்டு அறிஞர். இரண்டு நிலவுகள் காயும் அந்த நாட்டைப் பள்ளி ஆண்டு விழாவுக்காகப் பாவாத்தாள் டீச்சர்தான் உண்டாக்கினாள். அங்கே நேரம் அரசனுக்குச் சொந்தம். அரண்மனையில் அடியில் ஓட்டை போட்ட செம்புக் கிண்ணம் ஒன்று தண்ணீரில் மிதக்கும். நீர் ஏறி அது மூழ்கினால் ஒரு நாழிகை. நாழிகைகளை எண்ணி முரசு கொட்டுவார்கள். முரசு கேட்ட பிறகுதான் சனங்கள் வயலைவிட்டு ஏறலாம். அரசன் ஓட்டையோரம் மெழுகு பூசினான். ஓட்டை சிறுத்தது, கிண்ணம் மெதுவாக மூழ்கியது, வேலை நீண்டது. வாழ்நாளெல்லாம் சூரியனைக் கவனித்து ஓலை ஓலையாக எழுதிய மின்னாழி இந்தக் களவைச் சபையிலேயே சொல்லிவிட்டாள். அரசன் ஓலைகளைக் கொளுத்தினான், கருவிகளை உடைத்தான். காலில் விழுந்தால் மன்னிப்பு, இல்லையென்றால் தூக்கு.

“கால்ல உழட்டுமே டீச்சர்” என்றார் தாளாளர் சென்னகிருஷ்ணன். “ஓலையும் போச்சு, கருவியும் போச்சு. தலையும் போச்சுன்னா என்னங்க மிச்சம்? வெறும் வீராப்பு!”

“அவ உழ மாட்டாளுங்க.”

“அப்ப அவ செத்த பொறவு அந்தப் படிப்பு எப்படி நிக்கும்னு காட்டுங்க. திங்கக்கெழமைக்குள்ள சொல்லலீன்னா, கால்ல உழற காட்சிதான்.”

அவர் கேட்டதிலும் நியாயம் இருந்தது. அதுதான் அவளை உறுத்தியது. அவள் பிறந்த தெருவில் கால்களில் விழுந்து எழுந்தவர்களை நிறையப் பார்த்துவிட்டாள். மேடையிலாவது ஒருத்தி நிமிர்ந்து நிற்க வேண்டும்.

ஞாயிற்றுக்கிழமை கணபதி என்ற ஊரில் ஒரு கல்யாண வரவேற்பு. கூலிக்குப் பருத்தி எடுக்கும் அம்மா மாசாணியம்மாளைக் கூட்டிப்போகப் பாவாத்தாள் துடியலூருக்கு மேற்கே இருந்த பருத்திக் காட்டுக்குப் போனாள். மற்ற நாட்களில் மில் சங்கு ஊதினால் வேலை முடியும். ஞாயிறன்று சங்கு இல்லை. ஆள் நிழல்தான் கடிகாரம். சாயங்காலம் நிழல் பன்னிரண்டு அடி நீண்டால் கரையேறலாம் என்பது பேச்சு.

மேற்பார்வைக்கு இருந்த ராமுலு நெடுநெடுவென்று வளர்ந்தவன். மாசாணியம்மாளை நிற்கச் சொல்லி, அவள் நிழலின் தலையில் ஒரு கல்லை வைத்தான். பிறகு தன் டயர் செருப்போடு குதிகாலும் பெருவிரலும் ஒட்ட ஒட்ட நடந்தான்.

“ஒம்பது. இன்னும் பொழுதிருக்குது. போங்க, போயி எடுங்க.”

“ஏனுங்க ராமுலு,” என்றாள் பாவாத்தாள், “நெழலு எங்கம்மாளுது. காலு உங்களுது. ரெண்டும் எப்படிங்க சேரும்?”

“டீச்சரம்மா இங்கயும் பாடம் எடுக்க வந்துபோட்டாங்க! யாருதா இருந்தா என்னங்க? நெழலு நெழலுதான்.”

“சும்மா இரு கண்ணு” என்று அம்மா கையைப் பிடித்தாள்.

“இருக்க மாட்டேன். நீயே அளம்மா.”

கல் வைத்த இடம்வரை மாசாணியம்மாள் வெறுங்காலால் அளந்தாள். பன்னிரண்டு.

“இப்ப நீங்க நில்லுங்க ராமுலு. செருப்பைக் கழட்டிப்போட்டு.”

அவன் நிழல் வெகுதூரம் ஓடியது. அதன் தலையில் பாவாத்தாள் கல்லை வைத்தாள். அவன் தன் காலால் அளந்தான். அதுவும் பன்னிரண்டு.

“நம்ம ராமுலுவோட நெழலுக்காச்சும் நாயம் தெரியுதுங்கோ!” என்றாள் கூடப் பருத்தி எடுத்த மாரியாத்தாள். காடே சிரித்தது.

ராமுலு செருப்பை மாட்டிக்கொண்டான். “செரி செரி, ஊடு போயிச் சேருங்க.”

பஸ்ஸில் பாவாத்தாள் கல்யாணத்தை நினைக்கவே இல்லை. நெட்டையனுக்கு நிழல் நீளம்; காலும் நீளம். குட்டையானவருக்கு இரண்டுமே சிறிது. யாரானாலும் தன் காலால் அளந்தால் ஏறக்குறைய ஏழடி உயரம்தான். அதனால் ஒரே வேளையில் எல்லோருக்கும் கிட்டத்தட்ட ஒரே கணக்கு வருகிறது. அடுத்தவர் காலைக் கொண்டுவந்தால்தான் கெடுகிறது. இன்னொன்று: தன் நிழலின் தலையில் தானே கல் வைக்க முடியாது. குனிந்தால் நிழலும் குனிந்துவிடும். கல் வைக்க இன்னொருவர் வேண்டும். ஒரு தடவை கல் வைத்தவருக்கு வித்தை தெரிந்துவிடும்.

திங்கட்கிழமை சென்னகிருஷ்ணனை மைதானத்தில் நிறுத்தி அளக்கச் சொன்னாள். பிறகு தானும் நின்றாள். அவர் எண்ணிக்கையும் அவள் எண்ணிக்கையும் ஒன்று. அவர் நம்பாமல் மறுபடி அளந்தார்.

“இதை ராசா அழிக்க முடியாதுங்களா?”

“சனங்க காலுகளையெல்லாம் வெட்டோணுமுங்க. வெட்டிப்போட்டா வயல்ல எறங்க ஆளேதுங்க?”

அவர் வேட்டியிலிருந்த மண்ணைத் தட்டினார். “நிக்கட்டும் போங்க டீச்சர். கடைசி வரைக்கும் நிக்கட்டும்.”

ஆண்டு விழாவில் தூக்குமேடை ஏறிய மின்னாழி அரசனைப் பார்க்கவில்லை, சனங்களைப் பார்த்தாள். “முரசுக்குக் காத்திருக்காதீர்கள். வெயிலில் ஒருவர் நேராக நில்லுங்கள். அவர் நிழலின் தலையில் இன்னொருவர் கல் வையுங்கள். நின்றவரே தன் வெறுங்காலால், அடியோடு அடி ஒட்டி, கல்வரை அளக்கட்டும். சாயங்காலம் பன்னிரண்டு அடி வந்தால் வேலை முடிந்தது, வீட்டுக்குப் போங்கள்.”