சங்கிலிச் சாமியின் பெயர்

"அவரு பேரு என்னன்னுதானே கேக்குறேன், அதுக்கு ஏன் ஒனக்கு இப்படி வேர்க்குது?"

மதினி இப்படிக் கேட்டது ஐம்பத்தேழாம் வருஷம் தை மாதத்தில், ஒரு வியாழக்கிழமை. தை மாதத்துக் காலையில் வேர்த்தால் யாரும் கேட்கத்தான் செய்வார்கள். மதினி வியாகுலமேரி என் அண்ணன் ஞானராஜின் மனைவி. அவள் மடியில் பிறந்து எட்டு நாளான ஆண் பிள்ளை கிடந்தது. அவள் கைகாட்டிய 'அவரு' சுவரில், மாதா படத்துக்குப் பக்கத்தில், கண்ணாடிச் சட்டத்துக்குள் இருந்தார். தாடி வைத்தவர். கையிலும் காலிலும் சங்கிலி. கப்பலின் அடித்தட்டில் உட்கார்ந்து, மேலே ஒரு துவாரம் வழியாக விழும் வெளிச்சத்தை அண்ணாந்து பார்த்துக்கொண்டிருந்தார். முன்னால் மெழுகுதிரி எரிந்தது.

அவரை அந்தச் சுவரில் ஏற்றியவள் நான். அதனால் முதலிலிருந்து சொல்லிவிடுகிறேன்.

நான் எட்டாம் வகுப்போடு நின்றவள். ஒன்பதாம் வகுப்புக்கு டவுன் பள்ளிக்கூடத்துக்குப் போனேன். முதல் நாள் டீச்சர் என் பேரைச் சொல்லி, "செபமாலை, எந்திரிச்சு வாசி" என்றார். எழுந்து நின்றேன். வாசிப்பு வரவில்லை. மறுநாளும் வரவில்லை. மூன்றாம் நாள் நானே போகவில்லை. வீட்டில் பெரிதாக யாரும் வருத்தப்படவில்லை, ஆடு மேய்க்க ஆள் கிடைத்ததே.

யாரும் கேட்காத இடத்தில் எனக்கு வாசிப்பு நன்றாக வரும். எழுத்தும் வரும். அண்ணன் வாங்கித் தரும் நாற்பது பக்க நோட்டுகளை நிரப்பி, காலியான பால்பவுடர் டின்னுக்குள் போட்டு, அரிசிப் பானைக்குப் பின்னால் தள்ளிவைத்துவிடுவேன். 'கணக்குப் போட்டுப் பழகுகிறேன்' என்று சொல்லியிருந்தேன்.

ஒருமுறை பங்குக் கோயிலுக்குப் பால்பவுடர் வந்த பெட்டியில் நாலைந்து இங்கிலீஷ் புத்தகங்களும் இருந்தன. ஆஸ்திரேலியாவில் யாரோ பிள்ளைகள் படித்து முடித்து அனுப்பியவை. கோயில் கூட்டப் போன எங்களிடம் பங்குச் சாமியார் அவற்றைக் காட்டி, "யாருக்கு வேணும்?" என்றார். எல்லோரும் பால்பவுடரைப் பார்த்தார்கள். நான் புத்தகத்தைப் பார்த்தேன். அவர் ஒன்றை என் கையில் திணித்துவிட்டுப் போனார்.

"ஆஸ்திரேலியாவா?" என்றான் அண்ணன். "நம்ம சமஸ்தானத்து ராஜா ஒருத்தரு பொண்ணெடுத்த ஊருல்ல அது? அப்ப நமக்குச் சம்பந்தி நாடு."

சம்பந்தி நாட்டின் சரித்திரத்தைப் பிள்ளைகளுக்காக எழுதிய புத்தகம் அது. மார்கரெட் என்று ஒருத்தி முதல் பக்கத்தில் தன் பெயரை எழுதியிருந்தாள். உள்ளே படத்தில் வந்த கவர்னர்கள் எல்லோருக்கும் பென்சிலால் கொம்பு வைத்திருந்தாள். அதிலேயே எனக்கு அவளைப் பிடித்துப்போயிற்று. மூன்று பிள்ளைகள் ஒரே குதிரையில் ஏறிப் பள்ளிக்கூடம் போகிற படம் ஒன்று உண்டு. கடைசியில் இருக்கிற பிள்ளை பாதி சரிந்து, முன்னால் இருக்கிறவளின் சட்டையைப் பிடித்துக்கொண்டிருக்கும். பல நாள் அந்தப் பிள்ளை நான்தான். இறங்கச் சொல்ல அங்கே யாரும் இல்லை.

கறுத்த ஜனங்கள் கரையில் ஈட்டியோடு நின்று கப்பல் வருவதைப் பார்க்கிற படமும் உண்டு. அவர்களுக்கு ஒரே பக்கம்தான். அடுத்த பக்கத்திலிருந்து ஆட்டு மந்தை, கோதுமை, தங்கம். கரையில் நின்றவர்களைக் காணோம். கடைசி அட்டை வரைக்கும் தேடினேன். அவர்கள் காணாமல் போன இடத்தில் மார்கரெட் ஒரு கேள்விக்குறி போட்டிருந்தாள். அவளும் தேடியிருக்கிறாள்.

அந்தப் புத்தகத்திலிருந்துதான் சங்கிலிக்காரர் படம் தையல் விட்டுத் தனியாக விழுந்தது. மதினிதான் எடுத்தாள்.

"யாருடி இவரு?"

அப்போது எனக்குப் படம் மட்டும்தான் தெரியும், எழுத்துப் புரியாது. "வேதசாட்சியா இருக்கும் மதினி" என்றேன். என்மேல் தப்பில்லை. எங்கள் ஊரில் சங்கிலி போட்டுக்கொண்டு வெளிச்சத்தை அண்ணாந்து பார்க்கிற ஆள் என்றால் அது விசுவாசத்துக்காக உயிரைக் கொடுத்தவர்தான். வேறு காரணத்துக்காக அப்படிப் பார்க்கிறவரை நாங்கள் எந்தப் படத்திலும் கண்டதில்லை.

மதினிக்குக் கல்யாணமாகி ஆறு வருஷம், பிள்ளை இல்லை. படத்தை இலுப்பூருக்குக் கொண்டுபோய்ச் சட்டம் போட்டாள். சட்டத்துக்குள் அடங்கவில்லை என்று கடைக்காரர் அடியில் இருந்த எழுத்து வரியை வெட்டிக் கொடுத்துவிட்டார். அந்தத் துண்டை நான் என் நோட்டில் ஒட்டிவைத்தேன். மதினி படத்துக்கு முன்னால் முழங்காலிட்டு, "எனக்குப் புள்ளையக் குடு, ஒம் பேரையே வைக்கிறேன்" என்று நேர்ந்துகொண்டாள்.

"பேரு தெரியாதே மதினி?"

"மொதல்ல அவரு குடுக்கட்டும். பேரை அப்பறம் விசாரிச்சுக்கலாம்."

மூன்றாம் மாதம் அவள் முழுகாமல் இருந்தாள். செய்தி பரவியது. அடுத்த தெரு முனியாயி தன் காணாமல்போன பசுவுக்காக எண்ணெய் கொண்டுவந்து, "எங்க சங்கிலிக் கருப்பு சாடைதான் இவருக்கு" என்று கும்பிட்டுப் போனாள். நாலாம் நாள் பசு தானே வந்து நின்றது. அன்றிலிருந்து அவர் ஊருக்கே சங்கிலிச் சாமி.

நான் அண்ணனுடைய பழைய அகராதியை வைத்துக்கொண்டு வாரத்துக்கு ஒரு பாரா என்று புத்தகத்தை வாசித்துவந்தேன். வெட்டிய துண்டுக்கு வந்து சேர்ந்தபோது மதினிக்கு ஐந்து மாதம். துண்டில் இருந்தது இவ்வளவுதான்: 'சிட்னிக்குக் கொண்டுபோகப்படும் ஒரு கைதி. குற்றம், ஆடு திருடியது. தண்டனை, ஏழு வருடம் நாடு கடத்தல்.'

அகராதியை நாலு தடவை புரட்டினேன். ஆடு ஆடாகவேதான் இருந்தது.

அதற்கு முந்தின வருஷம்தான் எங்கள் பட்டியிலிருந்து இரண்டு ஆடுகளை யாரோ ஓட்டிக்கொண்டு போயிருந்தார்கள். மதினி தினமும் மெழுகுதிரி ஏற்றி, "எங்க ஆட்டக் கொண்டுபோனவன் கையி வெளங்காமப் போகணும்" என்று சங்கிலிச் சாமியிடமே முறையிட்டுக்கொண்டிருந்தாள். அவரும் பொறுமையாகக் கேட்டுக்கொண்டுதான் இருந்தார்.

ஐந்து மாதக்காரியிடம் இதை எப்படிச் சொல்வது? பிள்ளை பிறக்கட்டும் என்று விட்டேன். பிறந்தது. வியாழக்கிழமையும் வந்தது.

"நாளைக்குச் சாமியாரு வாராரு பேரெழுத. ஞாயித்துக்கெழம ஞானஸ்நானம்" என்றாள் மதினி. அவள் முகத்தில் விளையாட்டு போய்விட்டது. கை பிள்ளையின் நெஞ்சின்மேல் இருந்தது. "நேந்த பேர வைக்கலைன்னா புள்ள தங்காதுடி. நீதானே அந்த எழுத்த வச்சிருக்க? என்னன்னு சொல்லு."

துண்டில் பெயர் மாதிரி இருந்தது ஒன்றே ஒன்றுதான்.

"சிட்னியாரு" என்றேன்.

மதினி அதை வாய்க்குள் போட்டுப் பார்த்தாள். "சிட்னிராசு. ஏ சிட்னிராசு!" பிள்ளை தும்மியது. அண்ணன், "பிஸ்கோத்துப் பேரு மாதிரி இருக்கே" என்றான். "நீங்க சும்மா இருங்க" என்றாள் மதினி. அன்று நான் சாப்பிடவில்லை.

மறுநாள் பங்குச் சாமியார் சைக்கிளில் வந்தார். நாற்காலி போட்டோம். பேனாவைத் திறந்து, "பேரு?" என்றார்.

"சிட்னிராஜ், சாமி. புனித சிட்னியாரு பேரு."

"அது யாரும்மா?"

மதினி சுவரைக் காட்டினாள். சாமியார் எழுந்து, மூக்குக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு, படத்துக்கு வெகு அருகில் போனார். அப்புறம் கதவுக்குப் பின்னால் நின்ற என்னைத் திரும்பிப் பார்த்தார். புத்தகம் கொடுத்தவர் அவர்தானே.

"சிட்னிங்கிறது ஊரும்மா. நம்ம திருச்சி மாதிரி."

மதினியும் என்னைப் பார்த்தாள். உள்ளே போய் டின்னைத் திறந்து நோட்டை எடுத்துவந்து, துண்டு ஒட்டிய பக்கத்தைப் பிரித்துச் சாமியார் கையில் கொடுத்தேன். அவர் வாசித்தார். மீசை துடித்தது. சிரிப்பை அடக்கிக்கொண்டு, இருந்ததை இருந்தபடி சொல்லிவிட்டார்.

"ஆடா?" என்றாள் மதினி.

"ஆடுதாம்மா."

வாசலில் நின்ற அண்ணன், "எத்தனை?" என்றான்.

மதினி படத்தையே பார்த்தாள். "ஆறு வருசமா நல்லவுகளத்தானே சாமி கேட்டேன்? ஒருத்தர் பாக்கியில்ல. வேளாங்கண்ணி வரைக்கும் நடந்து போயிக் கேட்டேன்."

"குடுத்தது ஆண்டவரும்மா."

"ஆண்டவருதான். ஆனா எனக்காக யாரு போயிச் சொன்னா? இவருதானே சொன்னாரு?"

சாமியார் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "திருடன் பேர நான் கோயில் புஸ்தகத்துல எழுத முடியாது."

"திருடன்னா எழுதச் சொல்றேன்? அவரு பேர எழுதுங்க."

"பேரே போடலம்மா. கைதின்னு மட்டுந்தான் இருக்கு."

அப்போதுதான் மதினி உடைந்தாள். "நேந்துட்டேனே சாமி. பேரில்லாதவருக்கு நான் எதை வச்சு நேர்த்தி செலுத்துவேன்? எம்புள்ளைக்கு ஒண்ணு ஆச்சுன்னா?" அவள் அழுத சத்தத்தில் பிள்ளையும் அழுதது. நான் சொன்ன ஒரு வார்த்தையில் வந்த வினை இது. கதவை இறுகப் பிடித்துக்கொண்டேன்.

சாமியார் என்ன செய்வதென்று தெரியாமல் நோட்டின் அடுத்த பக்கத்தைப் புரட்டினார். அங்கே நான் எழுதிய பன்னிரண்டு பக்கம் இருந்ததை மறந்தே போயிருந்தேன். அவர் விரல் வைத்து, சத்தமாகவே வாசித்தார்:

"'கப்பலை விட்டு இறங்கியதும் கரையில் நின்றவர்கள், நீ எந்த ஊர், யார் வீட்டுப் பிள்ளை என்று கேட்டார்கள். அவனுக்குப் பேச்சுப் புரியவில்லை. புரிந்தாலும் சொல்ல ஊர் இல்லை. அவன் ஊர்தான் அவனை வேண்டாம் என்றுவிட்டதே. சும்மா நின்றான். அவர்கள் அவனுக்கு ஒரு பேர் வைத்து, அடுப்போரம் இடம் விட்டார்கள்.'"

நிமிர்ந்தார். "இப்படியா நடந்துச்சு?"

"இல்ல சாமி" என்றேன். குரல் எனக்கே புதிதாக இருந்தது. "புஸ்தகத்துல அவுகளுக்கு ஒரே பக்கந்தான். அப்பறம் காணோம். அடுப்போரம் உக்கார வச்சது நான்."

மதினி முந்தானையால் மூக்கைத் துடைத்தாள். "என்ன பேரு வச்சாக?"

"அடைக்கலம்."

அவள் குனிந்து பிள்ளையின் காதில் அதை ஒருமுறை சொன்னாள். பிள்ளை அழுகையை நிறுத்தவில்லை. ஆனால் அவள் நிறுத்திவிட்டாள்.

"அதான் அவரு பேரு. எல்லாருக்கும் யாராச்சும் வச்ச பேருதானே? எழுதுங்க சாமி."

"அப்ப என் ஆடு?" என்றான் அண்ணன்.

"காணிக்கையாப் போட்டதா நெனச்சுக்கங்க." பிறகு என் பக்கம் திரும்பி, "சிட்னியாரா? ஒனக்கு அப்பறம் இருக்குடி" என்றாள்.

சாமியார் திரும்ப நாற்காலியில் உட்கார்ந்தார். எங்கள் பக்கத்தில் அடைக்கல மாதா பெயரை வைத்துக்கொண்டவர்கள் நிறையப் பேர் உண்டு; கோயில் புத்தகம் அதை மறுக்க முடியாது. எழுதினார். பேனாவை மூடினார். நான் நோட்டுக்காகக் கை நீட்டினேன். அவர் அதைப் பெயர் எழுதிய தாளோடு சேர்த்து அங்கிப் பைக்குள் வைத்துக்கொண்டார்.

அந்த நோட்டின் கடைசி நாலு பக்கமும் அவர் பூசையில் பாடுவதைப் பற்றியவை. நல்லவிதமாக எழுதியிருக்கவில்லை.

"சாமி" என்றேன். அவர் என்னை ஒரு பார்வை பார்த்தார். சைக்கிளில் ஏறிப் போய்விட்டார்.