துக்கம் கேட்க வந்தவள்

கண்ணாடியை மூடிவிட்டுத் தாலியா ஸ்டூலிலிருந்து இறங்கும்போதே அவள் தம்பி ஊரியேலுக்கு விளங்கிவிட்டது. யூதர்களின் துக்க வீட்டில் கண்ணாடியை மூடுவது வழக்கம்தான். அதற்கு ஒரு பழைய துணி போதாதா? சுவர் அகலத்துக்கு, இஸ்திரி போட்ட வெள்ளைப் படுக்கை விரிப்பு எதற்கு?

"அக்கா, வேணாம். ஏழு நாள் துக்கம் முடியட்டும்."

"பாட்டி பொறந்த நாள் இன்னிக்குத்தானேடா."

அப்பா ஹைன்ஸை நேற்றுத்தான் அடக்கம் செய்திருந்தார்கள். இஸ்ரேலின் ஹைஃபா மலைச்சரிவிலிருந்த அந்த வீட்டில் இந்த நாளில் படம் ஓடாத வருஷமே கிடையாது. பாட்டி ஹெர்தா ஒருகாலத்தில் பெர்லினையே விழுந்து விழுந்து சிரிக்க வைத்த நடிகை. யூதப் பெண் என்று நாஜிகள் படங்களிலிருந்து அவள் பெயரை வெட்டி எறிந்தார்கள். பிறகு அவளையும் ரயிலேற்றிக் கொண்டுபோய்க் கொன்றார்கள், பாவிகள். சிறுபிள்ளையாகத் தப்பிக் கப்பலேறி வந்த அப்பா, அவள் படங்களைத் தேடி ஆயுசு முழுக்க நாடு நாடாகக் கெஞ்சினார். மிஞ்சியது ஒரே ஒரு சிறு சுருள். பல் தேய்த்து முடிப்பதற்குள் ஓடிவிடும். அதற்குத்தான் தெருவையே கூட்டுவார்.

ஊரியேல் சமய விதிகளில் கறார். துக்க வீட்டில் வேடிக்கை கூடாது என்றான். அப்பா செத்த வருஷமே விட்டுவிட்டால் அடுத்த வருஷம் அவளை யார் நினைப்பார்கள் என்று தாலியா கேட்டாள்.

அதற்குள் அக்கம்பக்கத்தார் வந்துவிட்டார்கள். ஒரு கையில் துக்க வீட்டுக்கென்று அவித்த முட்டையும் பருப்பும். மறு கையில், வருஷாவருஷம் போலவே, மடக்கு நாற்காலி! முதல் ஆளாக எதிர்வீட்டுப் பெப்பி முன்வரிசையில் உட்கார்ந்துகொண்டாள்.

"படம் காட்டக் கூடாதுக்கா," என்றான் மறுபடியும்.

"படம்னு யார்றா சொன்னா? மகன் செத்துட்டான்னு பெத்தவ துக்கம் கேக்க வந்திருக்கா. வாசல்லயே நிக்க வெச்சு அனுப்பிடுவியா?"

பெப்பி குபீரென்று சிரித்தாள். ஊரியேலுக்கும் சிரிப்பு வந்தது. துக்கத்துக்காகக் கிழித்த சட்டைக் கழுத்தோடு போய்ப் புரொஜெக்டரில் சுருளை அவனே மாட்டினான். அப்பா வேறு யாரையும் அதைத் தொட விட்டதில்லை.

முதலில் அப்பாவின் கோணல் கையெழுத்தில் பெயர் வந்தது: ஹெர்தா. வெட்டப்பட்ட இடத்தில் அவரே எழுதி ஒட்டியது. பிறகு அவள் வந்தாள், விடுதி வேலைக்காரியாக. படுக்கையைச் சரிசெய்கிறாள், உள்ளே விருந்தாளி தூங்குவதைக் கவனிக்காமல் அவனையும் சேர்த்து மடித்துச் செருகுகிறாள். வீடே அதிர்ந்தது. தாலியா கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தாள். வேலை போய், தொப்பியை மாட்டி, பெட்டியைத் தூக்கிக்கொண்டு, முகவாய் நிமிர்ந்தபடி ஹெர்தா கதவைத் தாண்டிப் போனாள். கதவு மூடியது. அவ்வளவுதான் படம்.

சுருளைத் திருப்பிச் சுற்றும்போது புரொஜெக்டர் விளக்கை அணைத்துவிட வேண்டும். அப்பா அணைக்க மாட்டார். பழைய பிலிம் சூட்டில் கெட்டுவிடும் என்று ஊரியேல் வருஷாவருஷம் அவரைத் திட்டுவான். இன்று அவன் கை விளக்கின் சுவிட்சு வரை போயிற்று. அதைத் தொடாமல் தாண்டிப் போய், பின்னோக்கி ஓட்டும் நெம்புகோலைத் தள்ளினான்.

விரிப்பில் கதவு திறந்தது. முதுகுப்புறமாக நடந்து ஹெர்தா வீட்டுக்குள் வந்தாள். பெட்டியைக் கீழே வைத்தாள், தொப்பியைக் கழற்றினாள்.

பெப்பி தன் நாற்காலியைச் சற்றுத் தள்ளிப் போட்டு இடம் விட்டாள்.