சனி இல்லாத நாடு

செவலைக் கோழி சிக்காமல் மாட்டுக்கொட்டகையை மூன்று சுற்று சுற்றியது. நான்காவது சுற்றில் செல்லி முந்தானையை வீசி அமுக்கிவிட்டாள். கைக்குள் அதன் நெஞ்சு படபடவென்று அடித்துக்கொண்டது. வாசலில் அவளுடைய அண்ணன் சென்றாயன் வெள்ளைத்துணி போர்த்திக் கிடந்தான். விடியற்காலையில் உயிர் போயிருந்தது. மார்கழி மாதம், சனிக்கிழமை.

சனிப் பிணம் தனியாகப் போகாது. பாடையில் துணைக்கு ஒரு கோழியைக் கட்டாவிட்டால் வீட்டில் யாரையாவது கூட்டிக்கொண்டு போய்விடும். இதைச் செல்லிக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. உள்ளறையில் தலைப்பிரசவத்துக்கு வந்திருந்த மகள் காவேரி, மாதம் நிறைந்த வயிற்றோடு சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தாள்.

"கெட்டியாக் கட்டணும்," என்றார் பெரியப்பா நஞ்சப்பன். "இவன் அன்னிக்குப் பண்ண கூத்து மாதிரி ஆயிடக் கூடாது."

கூடியிருந்த எல்லோருக்கும் அந்தக் கூத்து தெரியும். முப்பத்தொரு வருடத்துக்கு முன்னால் சென்றாயனையும் செல்லியையும் பெற்ற ஆத்தா செத்ததும் ஒரு மார்கழிச் சனிக்கிழமைதான். பாடையில் கட்டிய கோழியை யாரோ அவிழ்த்துவிட்டார்கள். அது பொழுது சாய்வதற்குள் வீடு வந்து கூரைமேல் ஏறிக்கொண்டது. ஒன்பதாம் நாள் மூன்று வயதுத் தம்பி பொன்னன் காய்ச்சலில் போனான். அவிழ்த்தது யார் என்று நஞ்சப்பன் புளிய விளாரை எடுத்தபோது, பத்து வயதுச் சென்றாயன் நான்தான் என்று முன்னால் வந்து நின்றான். அன்றிலிருந்து அவன் பெயர் 'கோழி அவுத்தவன்'. அந்தப் பெயருக்குப் பயந்து யாரும் பெண் கொடுக்கவில்லை. மொரப்பூருக்குப் பக்கத்தில் ரயில்வே கேட்டைத் திறப்பதும் மூடுவதுமாக அவன் காலம் போயிற்று.

அவிழ்த்தது செல்லி. அவளுக்கு ஆறு வயது. கோழி கத்தியது பொறுக்கவில்லை, அவ்வளவுதான்.

பொன்னனைப் புதைத்த பிறகு அவள் தூங்கவேயில்லை. கண்ணை மூடினால் கூரையில் கோழி பிறாண்டும் சத்தம். அப்போதுதான் அண்ணன் அவளுக்காக ஒரு நாட்டை உண்டாக்கினான். தீர்த்தமலைக்கும் அப்பால், புறமலை நாடு. அங்கே வாரத்துக்கு ஆறே நாள்: மண்நாள், கல்நாள், தேன்நாள், தினைநாள், புகைநாள், மழைநாள். முப்பத்தாறு நாள் ஒரு மாதம், பத்து மாதம் ஒரு வருடம்.

"அந்த நாட்டுல சனிக்கெழமையே கெடையாது செல்லி. யாரும் யாரையும் கூட்டிக்கிட்டுப் போவ முடியாது," என்றான். அவள் அன்றைக்குத்தான் தூங்கினாள்.

கல்யாணமாகி, பிள்ளை பெற்று, அவள் மறந்துவிட்டாள். அவன் விடவில்லை. ஸ்டேஷனில் கழித்துப்போடும் காகிதங்களைத் தைத்து, பின்பக்கத்தில் வருடத்துக்கு ஒரு பஞ்சாங்கம் எழுதினான். சண்டை மூண்டு, பட்டாள ரயில்கள் நேரம் காலமில்லாமல் போய்வந்த இந்த வருடமும் எழுதினான். ஆத்தா செத்த மறுநாள்தான் அங்கே வருடப் பிறப்பு. பத்து மாதம் போக, கடைசியில் ஐந்து நாள் மிஞ்சும். அதற்கு 'வர்ற நாள்' என்று பெயர் வைத்திருந்தான். போனவர்கள் திரும்பி வந்து சாப்பிட்டுவிட்டுப் போகும் நாள். ஆளுக்கு ஒரு கை கேழ்வரகு வைக்க வேண்டும். வாய் திறக்கக் கூடாது. கூப்பிட்டால் தனியாகத் திரும்பிப் போகமாட்டார்கள். சனியைத் துரத்தியவனால் அந்தப் பயத்தை மட்டும் துரத்த முடியவில்லை.

நேற்றுச் சாயங்காலம் காய்ச்சல் வேகத்தில் அவள் கையைப் பிடித்துக்கொண்டான்.

"எனக்குக் கோழி கட்டாத செல்லி. நாளைக்குச் சனி இல்ல. நம்ம நாட்டுல அது வர்ற நாளு."

சரி என்று சொல்லியிருந்தாள். சாகக் கிடப்பவனிடம் வேறு என்ன சொல்வது?

உள்ளே காவேரி இருமினாள். நஞ்சப்பன் கோழிக்குக் கை நீட்டினார்.

"நானே கட்டறேன் பெரியப்பா," என்றாள் செல்லி.

கால்மாட்டு மூங்கிலோடு சேர்த்து மூன்று முடிச்சுப் போட்டாள். மூன்றாவதைப் பல்லால் இழுத்து இறுக்கினாள். அன்றைக்கு அவிழ்த்தது நான் என்று தொண்டை வரைக்கும் வந்தது. இப்போது சொன்னாலாவது அவன் அந்தப் பெயரில்லாமல் போவான். ஆனால் சம்பந்தி வீட்டு ஜனங்கள் சுற்றி நின்றார்கள். எச்சிலோடு அதை விழுங்கிக்கொண்டபோது அவளுக்குத் தன்மேலேயே அருவருப்பாக இருந்தது. பாடையைத் தூக்கினார்கள். ஓடை திரும்பும் வரை கோழியின் கத்தல் கேட்டுக்கொண்டிருந்தது.

வீட்டைக் கழுவிவிட்டு, தலை முழுகி, அவள் ஈரத்தலையோடு விளக்கேற்றும்போது ஆண்கள் திரும்பி வந்தார்கள். நஞ்சப்பன் அவளைத் தனியாகக் கூப்பிட்டு மடியிலிருந்து எதையோ எடுத்து நீட்டினார். கயிறு. மூன்று முடிச்சும் போட்டபடியே இருந்தன. வளையம் மட்டும் காலியாக இருந்தது.

"முடிச்சு அவுரல. கோழி எப்பிடிப் போச்சின்னு ஒருத்தனுக்கும் தெரியல," என்றார். "காவேரிகிட்டச் சொல்லாத."

அவர் போன பிறகு செல்லி கயிற்றைக் கூரைச் சந்தில் செருகினாள். திரும்பியபோது வாசற்படியில் செவலைக் கோழி நின்றது. நடந்து வந்த களைப்பில் அலகைத் திறந்து மூச்சு வாங்கிக்கொண்டிருந்தது.

அவள் விரட்டவில்லை. உள்ளே போய் முறத்தில் கேழ்வரகு எடுத்து வந்து படியில் மூன்று குவியலாக வைத்தாள். ஆத்தாவுக்கு ஒன்று. பொன்னனுக்கு ஒன்று. கோழி இரண்டையும் தாண்டி நேராக மூன்றாவதுக்கு வந்தது.

"யாரும்மா வந்திருக்கறது?" என்று உள்ளேயிருந்து காவேரி கேட்டாள்.

அண்ணா என்ற சொல் உதடு வரைக்கும் வந்துவிட்டது. செல்லி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு, மகளின் அறை வாசலை அடைத்தாற்போல உட்கார்ந்தாள். காவேரி இன்னொரு தடவை கேட்டாள். கோழி அவசரமில்லாமல் ஒவ்வொரு மணியாகக் கொத்திக்கொண்டிருந்தது.